கணுக்காலுக்குக் கீழே

எங்க வீட்டுக்காரவுக கம்போடியா தேசத்துல, காட்டுக்குள்ள இடிஞ்சு கிடக்கிற ஒரு சிவன் கோயில்ல, ஒரு செவ்வாய்க்கிழமை காலையில பதினோரு மணியில இருந்து சாயங்காலம் அஞ்சு மணி வரைக்கும் சாமியா நின்னாக. நான் சொல்றதுல கூட்டலும் இல்ல, குறைச்சலும் இல்ல. கேக்கிறவுக எல்லாம் சாமியா நின்னதைப் பத்தியே துருவித் துருவிக் கேக்கிறாக, ஆனா எனக்கு அது பெருசாப் படல, கல்லுன்னா அது பாட்டுக்கு எதையாவது செய்யும். என்னை உறங்க விடாமப் பண்ணினது, இன்னைக்கு வரைக்கும் உறங்க விடாதது, வேற ஒண்ணு. அதைச் சொல்லத்தான் ஆரம்பிக்கிறேன், நடுவுல யாரும் பேசக்கூடாது.

எம் பேரு சுப்புத்தாய். இவுக பேரு உலகநாதன். கோவில்பட்டியில இருந்து விளாத்திகுளம் போற பஸ்ல முப்பத்து மூணு வருஷம் கண்டக்டரா இருந்தாக. முப்பத்து மூணு வருஷமும் ஓடுற பஸ்ல நின்ன காலு, குழியில குலுங்கின காலு, திருவிழாக் கூட்டத்துல மிதிபட்ட காலு. ரிட்டையர் ஆகி வீட்டுக்கு வந்தப்ப கெண்டைக்கால்ல நரம்பு எல்லாம் பச்சையாச் சுருட்டிக்கிட்டு நின்னுச்சு. டாக்டர் ஆபரேஷன்னாரு, இவுக மாட்டேன்னாக. தினம் சாயங்காலம் நான் வெந்நி வச்சு, வேப்பெண்ணெய் போட்டு நீவி விடுவேன். வலிக்குதான்னு கேட்டா பதில் வராது. வலியைப் பத்தி ஒரு வார்த்தை அந்த வாயில இருந்து நான் கேட்டதில்ல, வலிக்கலைன்னும் கேட்டதில்ல.

இன்னொண்ணு சொல்லணும், இது தெரியாமப் போனா பின்னால ஒண்ணும் விளங்காது. கல்யாணமான புதுசுல நான் வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமை எட்டயபுரத்துல எங்க அம்மா வீட்டுக்கு இவுக பஸ்லதான் போவேன். வீட்டுல என்னை ஏளா ஏளான்னு கூப்பிடுறவுக, பஸ்ல ஏறெடுத்துப் பாக்க மாட்டாக, வேத்தாளுக்குக் குடுக்கிற மாதிரி டிக்கெட்டைக் கிழிச்சுக் குடுப்பாக. ஆனா எங்க ஸ்டாப்புல நான் இறங்கி, ரோட்டைத் தாண்டி, அந்தப் பக்கத்துப் புளியமரத்துக்குக் கீழ போய்ச் சேர்ற வரைக்கும் டபுள் விசில் குடுக்க மாட்டாக. ஒரு விசில்னா வண்டி நிக்கணும், ரெண்டு விசில்னா வண்டி போகணும், அதுதான் கணக்கு. டிரைவர் ஆக்சிலேட்டரை மிதிப்பாரு, சனங்க திட்டும், இவுக விசிலை வாயில வச்சுக்கிட்டு ஊதாம நிப்பாக. புளியமரத்துக்கிட்ட போனதும் பீப் பீப். பொண்டாட்டி மேல பிரியத்தை வாயால சொல்லாத ஆம்பளை, விசிலால சொன்னாக. அந்த விசிலை ரிட்டையர் ஆன அப்புறம் வீட்டுச் சாவி வளையத்துல மாட்டிக்கிட்டாக, எங்க போனாலும் அது சட்டைப் பையில கிடக்கும்.

எங்க மக தமயந்தி சிங்கப்பூர்ல வேலையா இருக்கா. அவதான், அப்பா வாழ்நாள் பூரா கோவில்பட்டிக்கும் விளாத்திகுளத்துக்கும் நடுவுலயே சுத்தினாக, வெளிய கொஞ்சம் பாக்கட்டும்னு, கம்போடியாவுக்கு எங்க ரெண்டு பேரையும் அனுப்பி வச்சா. முதல் ரெண்டு நாள் பெரிய பஸ்ல கூட்டத்தோட கூட்டமாப் போனோம். இந்த மனுசனுக்கு பஸ்ல உக்காந்து பழக்கமில்ல. எழுந்து எழுந்து நின்னு தலையை எண்ணுறாக, ஜெர்மன்காரனைப் பாத்து உள்ள தள்ளி நில்லுங்கன்னு சைகை காட்டுறாக. எனக்கு மானம் போச்சு. மூணாவது நாள் நாங்க ரெண்டு பேர் மட்டும் தனி வேன்ல தூரத்துக் கோயிலுக்குப் போயிட்டு அன்னைக்கே திரும்பற மாதிரி தமயந்தி போன்லயே ஏற்பாடு பண்ணினா. மறுநாள் காலையில எங்களுக்கு ஏரோப்ளேன்.

வேன்ல டிரைவரும், வழிகாட்டி வன்னாக்கும் வந்தாங்க. வன்னாக் சென்னையில ரெண்டு வருஷம் ஓட்டல் வேலை படிச்ச பையன், முப்பத்தஞ்சு வயசு இருக்கும், தமிழ் பேசுவான், ஆனா எல்லாரையும் 'நீ' போட்டுத்தான் பேசுவான், எங்களை அம்மா நீ, அப்பா நீன்னுவான். செம்மண் ரோடு, ரெண்டு பக்கமும் மரவள்ளிக் கிழங்கைச் சீவிக் காயப் போட்டிருக்கு, முந்திரித் தோப்பு, காலு வச்ச மர வீடு, வீட்டுக்கு அடியில எருமை. எங்க ஊர்ப் பக்கத்தைத் தண்ணியில நனைச்சு வச்சா இப்படித்தான் இருக்கும்னு இவுக சொன்னாக. மூணு மணி நேரம் போய் இறங்கினோம். அங்கங்க மண்டையோடு போட்ட சிவப்புப் பலகை. சண்டைக் காலத்துல புதைச்ச வெடி, இந்தப் பாதையில எடுத்தாச்சு, பாதையை விட்டு மட்டும் இறங்காதேன்னு வன்னாக் சொன்னான்.

கோயிலுக்குப் பேரு சொன்னான், என் வாயில நுழையல. ரோட்டுக்கு இந்தப் பக்கம் வேன் நின்னுச்சு. ரோட்டைத் தாண்டினா கல்லு பாவின நடை, அது முடிஞ்சா ஒரு வாசல், அதுக்குப் பின்னால ஒரு வாசல், அதுக்கும் பின்னால ஒண்ணு, எல்லாம் நூல் பிடிச்ச மாதிரி ஒரே நேர்ல. கூரை இல்ல. செவுத்தைப் பெரிய பெரிய வேரு கட்டிப் பிடிச்சிருக்கு. எட்டிப் பாத்தா உள்ள, லிங்கத்தைத் தாங்குற ஆவுடையார் ஒண்ணு, லிங்கம் இல்லாம மொட்டையாக் கிடந்துச்சு. அதைப் பாத்ததும் எனக்குக் கை தானாக் கும்பிட்டுருச்சு.

செருப்பைக் கழட்டுங்கன்னேன். வன்னாக் பதறிட்டான். வேண்டாம் அம்மா, இங்க யாரும் கழட்ட மாட்டாங்க, முள்ளு இருக்கு, எறும்பு இருக்கு, வெள்ளைக்காரங்க பூட்ஸ் போட்டுத்தான் வருவாங்க, எங்க ஆளுங்களும் போட்டுத்தான் வருவாங்கன்னான். நான் விடுவேனா? வெள்ளைக்காரன் போடுவான், அவனுக்கு என்ன தெரியும், ஆவுடையார் இருக்கிற இடத்துல செருப்பு போட்டு நடந்தா விளங்குமாய்யான்னு பிடிச்சுக்கிட்டேன். இவுக முதல் வாசல்ல செருப்பைக் கழட்டி, கோயில்ல வைக்கிற மாதிரி ரெண்டையும் சேத்து ஓரமா வச்சாக. பழுப்பு நிறத் தோல் செருப்பு, குதிகால் தேஞ்சது. நானும் கழட்டினேன். பத்தடி போறதுக்குள்ள செவத்த எறும்பு என் கால்ல ஏறி, கடிச்ச கடியில ஓடிப் போய்ச் செருப்பை மாட்டிக்கிட்டேன். பாத்துக்கிடுங்க. சட்டம் போட்டவ நான், அதைத் தாண்டினவளும் நான்.

இவுக மட்டும் வெறுங்காலோட மூணாவது வாசல் வரைக்கும் போயிட்டாக. அங்க எறும்பு புத்தே கட்டியிருக்கு. காலை உதறிக்கிட்டே, சருகு மூடிக் கிடந்த ஒரு பீடத்து மேல ஏறி நின்னுட்டாக. ஏறினவுக அப்படியே நின்னாக. நான் போட்டோ எடுக்கலாம்னு போனைத் தூக்கினேன், சிரிங்கன்னேன், சிரிச்சாக. போனைக் கீழ இறக்கி, சருகை என் காலால தள்ளிவிட்டுப் பாத்தேன். அந்தப் பீடத்து மேல முன்னாடி ஒரு சிலை இருந்திருக்கு. அதைக் கணுக்காலோட அறுத்துக் கொண்டுபோயிட்டானுக. பாதம் ரெண்டும் மட்டும் கல்லோட கல்லா மிஞ்சி இருந்திருக்கு. இப்ப அந்தப் பாதத்துக்கு மேல வேட்டி கட்டின எங்க வீட்டுக்காரவுக இருந்தாக. இவுக பாதத்தைக் காணோம். கணுக்கால் வரைக்கும் மணல்கல்லு, பத்து விரலும் அழகா நகத்தோட. அதுக்கு மேல இவுக முடி முளைச்ச காலு. நடுவுல ஒரு கீறல் கூட இல்ல.

வன்னாக்கைக் கத்திக் கூப்பிட்டேன். வன்னாக் வந்து பாத்தான், டிரைவரைக் கூப்பிட்டான், ரெண்டு பேரும் ஆளுக்கொரு கையைப் பிடிச்சு இழுத்தாங்க, நான் இடுப்பைப் பிடிச்சு இழுத்தேன். அசையல. ஐயோ இறங்குங்களேன்னு அழுதேன். அப்பத்தான் அவுக முகத்தை நல்லாப் பாத்தேன். முகம் தெளிஞ்சிருந்துச்சு. முப்பத்து மூணு வருஷமா ரெண்டு புருவத்துக்கும் நடுவுல கிடந்த ஒரு மடிப்பு, பொறந்ததுல இருந்தே இருக்குன்னு நான் நினைச்சிருந்தது, அது இல்ல.

"ஏளா, வலிக்கல" அப்படின்னாக.

அதுதான் முதல் இடி.

அந்தக் கோயில் வாசல்ல கரும்புச் சாறு விக்கிற பொம்பளை ஒருத்தி, சந்தூன்னு பேரு, எங்க வயசுதான் இருக்கும், அந்த ஊருக்குத் துணைத் தலைவியும் அவதானாம். சத்தம் கேட்டு வந்தா. வந்து பீடத்தைப் பாத்தா, இவுகளைப் பாத்தா, கழுத்துல கிடந்த துண்டை எடுத்து வேர்வையைத் துடைச்சுக்கிட்டா. அலறுவான்னு பாக்கிறேன், ஓடுவான்னு பாக்கிறேன், அவ வன்னாக்கிட்ட என்னமோ சாவகாசமாக் கேட்டா. என்னப்பா கேக்கான்னேன். அப்பா மத்தியானம் என்ன சாப்பிடுவாருன்னு கேக்கிறாங்க அம்மான்னான்.

அப்புறம் அவ சொன்னதை வன்னாக் சொன்னான். அவளுக்கு ஏழு வயசு இருக்கையில துப்பாக்கியோட வந்தவனுக ரம்பத்தால சிலையை அறுத்து மாட்டு வண்டியில ஏத்திக் கொண்டு போனானுக. ஊர் பாத்துக்கிட்டு நின்னுச்சு. பாதத்தை அவனுகளால பேத்து எடுக்க முடியல. அன்னையில இருந்து இந்த ஊர்க்காரங்க பௌர்ணமிக்குப் பௌர்ணமி தாமரை மொட்டை இதழ் மடிச்சு இந்தப் பாதத்துக்கு வைக்கிறாங்க. காலு இருந்தா ஆளு வராமயா போவாருன்னு சும்மா இருந்தாங்க. எவ்வளவோ பேர் வந்தாங்க, எல்லாரும் பூட்ஸ் காலோட மேல ஏறி நின்னு போட்டோ எடுத்துட்டுப் போனாங்க, கல்லு அவங்களைக் கண்டுக்கிடல. இவரு செருப்பைக் கழட்டி வச்சுட்டு வந்திருக்காரு.

எல்லாப் பழியும் சுத்திச் சுத்தி எந்தலையிலயே வந்து விழுந்துச்சு.

ஒரு மணி நேரத்துல ஊரே வந்துருச்சு. ஒருத்தர் முகத்துலயும் ஒரு திகைப்பு இல்ல, புதுசா மாத்தலாகி வந்த வாத்தியாரைப் பாக்க வர்ற மாதிரி வர்றாங்க. ஒருத்தன் பனை ஏறி ஓலை வெட்டி வந்து வெயிலுக்கு மறைப்புக் கட்டினான், கல்யாணக் குடை ஒண்ணு வந்துச்சு, எறும்புப் புத்தைச் சுத்தி ஒருத்தி சாம்பலைத் தூவினா, மூங்கில் குழாயில வேகவச்ச சோறு வந்துச்சு, மீன் குழம்பு வந்துச்சு. இவுக செவ்வாய்க்கிழமை மீன் தொட மாட்டாகன்னு நான் சொன்னதும், அது சாமியோட வழக்கமா இவரோட வழக்கமான்னு அதுக்கு ஒரு பஞ்சாயத்து. கடைசியில, வயிறு இவரோடதுதானே, கணுக்காலுக்கு மேல இவரு வழக்கம்தான் செல்லும்னு முடிவு பண்ணி, பனங்கருப்பட்டியும் வாழைப்பழமும் கொண்டாந்தாங்க. நான் தலையில அடிச்சுக்கிட்டு அழுறேன். ரெண்டு பொம்பளைங்க வந்து என் முதுகைத் தடவி, எனக்கு இளநி வெட்டிக் குடுத்தாங்க. அழுறவளுக்குத் தாகம் எடுக்கும்ல, குடிச்சேன்.

போலீஸ்காரர் ஒருத்தர் மோட்டார் சைக்கிள்ல வந்தாரு. அப்பாடா, சர்க்கார் வந்துருச்சு, இனி ஒரு வழி பிறக்கும்னு எழுந்து போய் பாஸ்போர்ட்டை நீட்டினேன். அவரு போட்டோவைப் பாத்தாரு, இவுகளைப் பாத்தாரு, பீடத்தைச் சுத்தி வந்தாரு. கணுக்காலுக்கு மேல வெளிநாட்டுக்காரர், விசா இன்னும் இருக்கு, கணுக்காலுக்குக் கீழ எங்க ஊர்க்காரர், அதுக்கு விசா தேவையில்லன்னு சொல்லிட்டு, தொப்பியைக் கழட்டி வச்சு மூணு ஊதுவத்தி பொருத்திக் கும்பிட்டுட்டுப் போயிட்டாரு.

மத்தியானத்துக்கு மேல வேண்டுதல் சொல்ல ஆரம்பிச்சுட்டாங்க. முண்டியடிச்சு வந்த கூட்டத்தைப் பாத்ததும் இவுக பைக்குள்ள கை போச்சு, விசிலை எடுத்து ஒரு ஊது ஊதினாக. சனம் அப்படியே நின்னுச்சு. படியில நிக்காதீங்க, வரிசையா வாங்க, வயசானவங்களுக்கு இடம் விடுங்கன்னு தமிழ்லதான் சொன்னாக, அது அத்தனை பேருக்கும் விளங்கி வரிசை பிடிச்சு நின்னுச்சு. ஒருத்தி எருமை காணாமப் போனதைச் சொன்னா. ஒருத்தன், தாய்லாந்துக்கு வேலைக்குப் போன மக பேசி ஆறு மாசம் ஆச்சுன்னான். அவங்க பேசினது இவுகளுக்கு எப்படி விளங்குச்சோ, எல்லாருக்கும் ஒரே மாதிரி தலையை ஆட்டி, "வரும், வரும், பின்னாடியே வந்துக்கிட்டிருக்கு" அப்படின்னாக. விளாத்திகுளம் ஸ்டாண்டுல அடுத்த பஸ் எப்பன்னு கேட்டவங்களுக்கு முப்பத்து மூணு வருஷம் சொன்ன பதில் அது. கேட்டவங்க முகம் எல்லாம் நிறைஞ்சு போச்சு.

நான் செவுத்தோரம் உக்காந்து தமயந்திக்குப் போன் போட்டேன். நடந்ததைச் சொன்னேன். நம்ப மாட்டா, அம்மாவுக்கு வெயில் பிடிச்சிருச்சுன்னு சொல்லுவா, அடுத்த ஏரோப்ளேன்ல ஓடி வருவான்னு நினைச்சேன். நான் சொன்னதை மறுபடி ஒரு தடவை சொல்லச் சொன்னா. அப்புறம், "அப்பா வலிக்கலைன்னா சொன்னாங்க?" ன்னு கேட்டா. ஆமாட்டின்னேன். "அவங்களே சொன்னாங்களா? வாயைத் திறந்து?" ன்னா. அப்புறம் அழுதா. அவ அழுதது எனக்காக இல்ல, எனக்கு அது நல்லாத் தெரிஞ்சுது. நான் போனை வச்சுட்டேன்.

நாலரை மணிக்கு டிரைவர் கையில கட்டின கடிகாரத்தைத் தட்டிக் காட்டினான். காட்டு ரோடு, இருட்டுறதுக்குள்ள தாண்டணும். நான் சந்தூகிட்டப் போய்ச் சண்டைக்கு நின்னேன். என் புருசனை விடுங்க, உங்க கல்லு பிடிச்சு வச்சிருக்குன்னேன். அவ பொறுமையாக் கேட்டுட்டு, என் கையைப் பிடிச்சுக் கூட்டிக்கிட்டுப் போய் இவுக முன்னால நிறுத்தினா. கல்லு யாரையும் பிடிக்காது, அவரு இறங்கணும்னா இறங்கலாம், அவரையே கேளுன்னா. வன்னாக் இதைச் சொல்லிட்டுத் தலையைக் குனிஞ்சுக்கிட்டான்.

நான் கேட்டேன். வீட்டுக்குப் போவோம், இறங்குங்கன்னேன்.

இவுக சட்டைப் பைக்குள்ள கையை விட்டாக. சாவி வளையத்தை எடுத்தாக. அதுல இருந்து விசிலைக் கழட்டித் தங்கிட்ட வச்சுக்கிட்டு, சாவியை மட்டும் எங்கிட்ட நீட்டினாக. வெளிக்கதவுச் சாவி, பீரோச் சாவி, மோட்டார் ரூம் சாவி.

அதுதான் ரெண்டாவது இடி. புருசன் கல்லாகி நின்னதைப் பாத்து நான் அப்படி ஒடியல. கூட வாழ்ந்து முப்பத்தஞ்சு வருஷம் ஆன மனுசன், வலி இல்லாத ஒரு நாள் கிடைச்சதும், என்னைச் சாவியோட அனுப்பி வைக்கிறாரு. நான் நீவின நீவல் எல்லாம் எங்க போச்சு? அந்த ஒரு நாள்ல நான் எங்கயாவது இருக்கேனா? இத்தனை வருஷம் வலியோடதான் எங்கூடக் குடித்தனம் பண்ணியிருக்காகன்னு அப்பத்தான் உறைச்சுது. கோவம் கோவமா வந்துச்சு. சாவியை வாங்கி முந்தியில முடிஞ்சுக்கிட்டு, இருங்க, நல்லா இருங்கன்னு சொல்லிட்டு நடந்தேன்.

மூணாவது வாசல், ரெண்டாவது வாசல், முதல் வாசல். ஓரத்துல அந்தச் செருப்பு சேந்தாப்புல இருந்துச்சு, நான் பாக்காத மாதிரி தாண்டினேன். கல்லு நடையைத் தாண்டி ரோட்டுக்கு வந்துட்டேன். எதுத்தாப்புல வேன், கதவு திறந்து கிடக்கு. நான் ரோட்டைத் தாண்டி ஏறி உக்காந்தாப் போதும். பின்னால இருந்து ரெண்டு விசில் வரும். வண்டி போயிரும்.

எனக்குத் திடுக்குன்னுச்சு. நடு ரோட்டுல கால் நின்னுருச்சு.

நான் தாண்டாம அவுக விசில் குடுக்க மாட்டாகளே.

திரும்பிப் பாத்தேன். மூணு வாசலும் ஒரே நேர்ல இருக்கு, அந்தக் கடைசியில குடைக்குக் கீழ இவுக நிக்கிறது தெளிவாத் தெரியுது, கை விசிலோட வாய்க்கிட்ட இருக்கு. ஊதாம நிக்கிறாக, என்னையே பாக்கிறாக. எட்டயபுரம் ரோட்டுல நின்ன அதே நிப்பு. நான் நகரல. மரவள்ளி ஏத்தின லாரி ஒண்ணு செம்மண்ணைக் கிளப்பிக்கிட்டு வந்துச்சு, ஹாரன் அடிச்சான். நான் நகரல. வன்னாக் அம்மா அம்மான்னு கத்துறான். கோயிலுக்குள்ள இருந்து ஒரு விசில் வந்துச்சு, ஒத்தை விசில், லாரி பிரேக் போட்டு நின்னுச்சு. எதிர்ப் பக்கம் இன்னொரு லாரி, அதுவும் நின்னுச்சு. ஊர் சனம் நடை ரெண்டு பக்கமும் வந்து நின்னு பாக்குது. இவுக கையை ஆட்டுறாக, போ, போ, தாண்டுன்னு ஆட்டுறாக. நான் இடுப்புல கையை வச்சுக்கிட்டு நின்னேன். வெக்கமாத்தான் இருக்கு சொல்ல. ஒரு மனுசன் எம்மேல வச்சிருந்த பிரியத்தை எடுத்து அவரையே இழுக்கிற கயிறாத் திரிச்சேன்.

இறங்கினாக. கல்லுல இருந்து ஒரு சத்தமும் வரல, பஸ் படியில இருந்து இறங்குற மாதிரி வலது காலை முதல்ல வச்சு இறங்கினாக. மூணாவது வாசல்ல இருந்து வர்றப்ப கல்யாணத்தன்னைக்குப் பாத்த ஆளு மாதிரி நெஞ்சை நிமித்தி நடந்து வந்தாக. ரெண்டாவது வாசலைத் தாண்டினதும் இடது காலு லேசா இழுத்துச்சு. முதல் வாசல்ல நிலையைப் பிடிச்சுக்கிட்டு ஒரு மூச்சு நின்னாக. கல்லு நடையில ஒவ்வொரு அடிக்கும் உதட்டைக் கடிச்சாக, அந்த மடிப்பு புருவத்துக்கு நடுவுல திரும்ப வந்து உக்காந்துச்சு. முப்பத்து மூணு வருஷமாக் கொஞ்சம் கொஞ்சமா அந்தக் கால்ல ஏறின வலி, அந்த அம்பது அடியில மொத்தமா ஏறினதை நான் கண்ணால பாத்தேன். தினம் நீவி விட்ட எனக்கு அது இவ்வளவுன்னு தெரியாது. சத்தியமாத் தெரியாது.

அதுதான் மூணாவது இடி. திரும்பிப் போங்கன்னு ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நடு ரோட்டுல நின்னுக்கிட்டு, வாய் வரைக்கும் அந்த வார்த்தை வந்து, நான் அதை முழுங்கிட்டேன்.

பக்கத்துல வந்தாக. முழங்கைக்கு மேல என்னைப் பிடிச்சாக.

"நடு ரோட்டுல நிக்கலாமா, ஏளா? வண்டிக்காரன் என்ன செய்வான்?"

தாண்டி விட்டாக. வேனுக்குள்ள ஏத்தி உக்கார வச்சாக. விசிலை எடுத்து ரெண்டு தடவை ஊதினாக. ரெண்டு லாரியும் கிளம்பிப் போச்சு. அப்புறம் பழக்க தோஷத்துல இவுகளும் வேன்ல ஏறிட்டாக.

ஊர்க்காரங்க கல்லெறிவாங்கன்னு பயந்தேன். சந்தூ வேன் ஜன்னல்கிட்ட வந்து என்னைப் பாத்துக் கை கூப்பினா. இவுகளைப் பாத்து இல்ல, என்னைப் பாத்து. பாதத்தை மட்டும் வச்சுக்கிட்டு இத்தனை வருஷம் இருந்தோம், இன்னைக்கு ஆறு மணி நேரம் ஆளு இருந்துச்சு, உனக்கு நன்றின்னா. அந்த நன்றியை எங்க வைக்கிறதுன்னு எனக்கு இன்னும் தெரியல. பத்துக் கிலோமீட்டர் தாண்டினப்பத்தான் இவுக காலைப் பாத்தேன், செம்மண் அப்பி வெறுங்காலா இருந்துச்சு. ஐயோ செருப்புன்னேன். வன்னாக் வண்டியைத் திருப்பவான்னு கேட்டான். இவுக வெளியப் பாத்துக்கிட்டே, கிடக்கட்டும்னாக.

கோவில்பட்டிக்கு வந்து சேந்தோம். விசயம் தெரு பூராப் பரவிருச்சு. இங்கயும் ஒருத்தராவது அதிர்ச்சியாகணுமே, ம்ஹூம். பக்கத்து வீட்டுக்காரி முழங்கால் வலிக்கும் அந்தக் கல்லு கேக்குமான்னு கேட்டா. டெய்லர் அண்ணாச்சி, குரூப்பாப் போனா எப்படி, எத்தனை பேர் சேரணும்னு விசாரிச்சாரு. தீப்பெட்டி ஆபீஸ்ல வேலை பாக்கிற பொம்பளைங்க பத்துப் பேர் வந்து, எங்களுக்கு வலி கால்ல இல்ல, இடுப்புலதான், இடுப்புக்கு அங்க வேற சிலை இருக்கான்னு கேட்டாளுக. போன வாரம் வன்னாக் போன்ல ஒரு படம் அனுப்பினான். குடை அப்படியே இருக்கு. பாதத்துல தாமரை மொட்டு. முதல் வாசல்ல ஓரமா அந்தச் செருப்பு, தூசி தட்டி, சேந்தாப்புல, கோயிலைப் பாத்து. எருமை கிடைச்சிருச்சாம், தாய்லாந்துக்குப் போன மகளும் போன் பண்ணிட்டாளாம்.

நான் இவுகளுக்குப் புதுச் செருப்பு வாங்கினேன். தோல்ல ஒண்ணு, ரப்பர்ல ஒண்ணு, டாக்டர் சொன்ன மெத்து மெத்துன்னு இருக்கிறதுல ஒண்ணு. மூணும் அட்டைப் பெட்டியோட இருக்கு. வெறுங்காலோடதான் கடைக்குப் போறாக, வெறுங்காலோடதான் வாராக. சாயங்காலம் நான் நீவி விடுறப்ப, வலிக்குதான்னு இப்ப நான் கேக்கிறதில்ல.

நேத்து மெயின் ரோட்டுல டீக்கடை அண்ணாச்சி கேட்டுட்டாரு. என்ன கண்டக்டரே, இந்த வெயில்ல செருப்பு எங்கன்னாரு. இவுக டீயை ஆத்திக்கிட்டே, கேட்டதுக்குச் சொல்ற மாதிரி சாதாரணமாச் சொன்னாக:

"கோயில் வாசல்ல கழட்டிப் போட்டிருக்கேன். சாமி கும்பிட்டு முடிச்சதும் போட்டுக்கிடுவேன்."

நான் பால் தூக்கோட பின்னால நின்னுக்கிட்டு இருந்தேன். தூக்கு சரிஞ்சு ரோட்டுல கொஞ்சம் பால் சிந்திருச்சு. இவுக திரும்பிப் பாத்தாக, டம்ளரை வச்சாக, ரெண்டு பக்கமும் வண்டி வருதான்னு பாத்தாக. அப்புறம் முழங்கைக்கு மேல பிடிச்சு என்னைத் தாண்டி விட்டாக.